புளியமரத்தைச் சாய்த்த கை

"…அது எந் தம்பி பேச்சே இல்லீங்க பாய். ஊர்ல ஆயிரம் பேரு பாத்துட்டு ஆயிரம் சொல்லட்டும். நான் வளத்த புள்ள அது. பசிச்சாக்கூட சோறு போடுன்னு வாயத் தொறந்து கேக்காது. தட்ட எடுத்து முன்னாடி வெச்சிக்கினு குந்திக்கும். அது போயி டிவி பொட்டில நின்னுக்கினு அம்மாம் பெரிய பேச்சு பேசுமா? அது வேற யாரோ பேச்சு. யாருதுன்னு மட்டும் சொல்லிடுங்க."

கள்ளக்குறிச்சி கடைத்தெருவில் எங்கள் இரும்புக் கடையின் படியில் நின்று அந்த அக்கா இதைச் சொன்னபோது, என் கையில் ஒரு மண்வெட்டி இருந்தது. காட்டுவதற்காக எடுத்தது. கேட்டவர் எப்போதோ போய்விட்டார். நான் அதைப் பிடித்தபடியே நின்றேன். உள்ளே என் அப்பா, எங்கள் வீட்டு வழக்கில் அத்தா, ஆணி நிறுத்துக்கொண்டிருந்தார். தராசுத் தட்டில் ஆணி விழும் சத்தம் நின்றுவிட்டது.

நான் என்ன பதில் சொன்னேன் என்பது இருக்கட்டும். அந்தப் பேச்சு டிவிக்குள் எப்படிப் போனது என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன்.

எனக்குப் படிப்பு எட்டாவது. அதையும் முழுசாக முடிக்கவில்லை. மற்றதெல்லாம் கடைக்கு வந்தவர்கள் கற்றுக் கொடுத்தது. கரும்பு வெட்டுக்கு அருவாள் வாங்க வந்த பெரியவர் ஒருவர், நான் எடுத்துக் காட்டிய புது அருவாளைத் தள்ளிவிட்டு, "பளபளன்னு இருக்கறது கடையில தொங்கும் பாய், கறுத்தது தான் கழனில வெட்டும்" என்றார். பழைய வாளியை ஈயம் வைத்து அடைக்கக் கொண்டுவந்த ஒரு பெண், "ஓட்ட வாளின்னு கெணத்துக்குத் தெரியுமா, சொமக்கறவளுக்குத் தான தெரியும்" என்றாள். இப்படி யாராவது ஒரு வார்த்தை சொல்லிவிட்டால் போதும், அன்று முழுக்க அதை வாயில் போட்டு மென்றுகொண்டிருப்பேன். சாயங்காலத்துக்குள் பத்துப் பேரிடம் சொல்லியாகிவிடும். "உனக்கு இரும்பு யாவாரமா, வாய் யாவாரமா?" என்று அத்தா கேட்பார்.

அப்போது கேபிள் வந்த புதுசு. கல்யாண வீடியோ எடுத்துக்கொண்டிருந்த ஒருவர் இரண்டு வீடியோ டெக் வாங்கி வைத்து, கம்பத்துக்குக் கம்பம் ஒயர் இழுத்து, வீடுகளுக்கு சினிமா போட ஆரம்பித்திருந்தார். ஓனர் என்றுதான் எல்லோரும் கூப்பிடுவோம். சினிமா அலுத்துப்போய் ஊர் ஊராகக் கபடி எடுத்துப் போட ஆசைப்பட்டார். எடுத்தும் பார்த்தார். தூசியும் காலும்தான் தெரிந்தது.

ஒயர் அடிக்க ஆணி வாங்க வந்தபோது நான் பேசுவதைக் கேட்டுவிட்டு, "பாய், ஊர்க்காரன் மூஞ்சிய ஊர்க்காரனுக்குக் காட்டினா சினிமாவ விட ஜாஸ்தி பாப்பான். ஆனா மூஞ்சி பேசணும். நீ வந்து பேச வெய்யி" என்றார்.

அப்படித்தான் போனேன். மேடையில் மைக் பிடித்து ஆட்டத்தைச் சொல்ல ஊருக்கு ஊர் ஆள் உண்டு. என் வேலை வேறு. சுண்ணாம்புக் கோட்டுக்கு வெளியே, அடிபட்டு வந்து உட்கார்ந்தவன் பக்கத்தில், தோற்கிற அணியின் தண்ணீர்க் குடத்துக்குப் பக்கத்தில் நின்று கேள்வி கேட்பது. என் மைக்கின் ஒயர் பதினைந்து அடி. அதன் மறுமுனை கேமராவில் இருக்கும், கேமரா ஓனர் தோளில் இருக்கும். மேய்ச்சலுக்குக் கட்டிய ஆடு மாதிரி அந்தப் பதினைந்து அடிக்குள் சுற்றி வருவேன்.

இந்த வேலையில் ஒரு கஷ்டம் இருந்தது. மூச்சு விடாமல் பாடிப் போய் நாலு பேரைத் தொட்டு வருகிறவனுக்கு, மைக்கைக் கண்டால் மூச்சே வராது. "எப்படிப்பா ஆட்டம்?" என்றால் "நல்லா ஆடினோம்" என்பான். "அடுத்த பாதி எப்படி?" என்றால் "நல்லா ஆடுவோம்." இதை யார் உட்கார்ந்து பார்ப்பார்கள்?

அதனால் நான் ஒரு வழக்கம் வைத்துக்கொண்டேன். கேமரா ஓடுவதற்கு முன்னால் ஆளைத் தனியாகக் கூப்பிட்டு, இதைச் சொல்லு என்று ஒரு பேச்சைக் காதில் போட்டுவிடுவேன். இரண்டு தடவை சொல்லிப் பார்க்க வைப்பேன். பிறகு கேமரா ஓடும்; நான் ஒன்றும் தெரியாதவன் மாதிரி கேள்வி கேட்பேன்; அவன் அதைச் சொல்வான். சங்கராபுரம் பக்கத்தில் ஒரு கனத்த ஆளுக்கு, "எங்கிட்ட வந்து மாட்டினா செக்குல மாட்டின எள்ளு, எண்ண தான் மிச்சம்" என்று சொல்லிக் கொடுத்தேன். மறுநாள் டீக்கடையில் அவனை எல்லோரும் செக்கு என்று கூப்பிட்டார்கள். அவனுக்குத் தலைகால் புரியவில்லை.

ஒரே ஒரு நிபந்தனை போடுவேன். "இது நம்ம ரெண்டு பேருக்குள்ள தான். நீயா பேசினதாவே இருக்கட்டும்." யாரும் மீறியதில்லை. எதற்கு மீறப் போகிறார்கள்? அவர்கள் பெண்டாட்டிகளே, உனக்கு இப்படிப் பேசக்கூட வருமா என்று கேட்டார்களாம். நான் ஊமைகளுக்கு வாய் கொடுப்பதாக நினைத்துக்கொண்டிருந்தேன்.

வடக்கனந்தல் பக்கத்து அணி ஒன்றுக்கு வயதான கோச் இருந்தார். அவருக்கு மட்டும் இது பிடிக்கவில்லை. "கபடில மூச்ச வுட்டவன் அவுட்டு. வெளில பேச்ச வுட்டவன் அவுட்டு. எம் பசங்களுக்குப் பேசக் கத்துக் குடுக்காத பாய்" என்றார். அந்தப் பேச்சு எனக்கு எவ்வளவு பிடித்துப்போனது என்றால், அடுத்த ஆட்டத்திலேயே அதை வேறு ஓர் ஊர்க்காரன் வாயில் கொடுத்துவிட்டேன். அதன் பொருள் மட்டும் என் மண்டையில் ஏறவில்லை.

இடஒதுக்கீடு கேட்டு மறியல் நடந்த வருஷங்கள் அவை. கடையில் வேறு பேச்சே கிடையாது. ஒரு விவசாயி வந்தார். மகனைப் படிக்க வைத்துவிட்டு வேலைக்கு அலைந்தவர். "பஸ்ஸுல எடமில்லன்னு ஒவ்வொரு தபாவும் எங்களயே எறக்கி வுட்டா இன்னா பாய் பண்றது? பஸ்ஸையே நிறுத்தினாத்தான் எறங்கி வந்து இன்னான்னு கேப்பான்" என்றார். அவர் போன கொஞ்ச நேரத்தில் கதவுக்குத் தாழ்ப்பாள் வாங்க காலனியிலிருந்து ஒருவர் வந்தார். "அவங்க கேக்கறது நாயந்தான். ஆனா எங்கியாவது மரம் வெட்ற சத்தம் கேட்டா எங்க தெருவுல தான் மொதல்ல புள்ளைங்கள உள்ள கூப்புட்டுக்கறோம்" என்றார். நாங்கள் இரண்டு பக்கமும் இல்லாத ஜனம் என்பதால் இரண்டு பக்கமும் எங்களிடம் பேசியது.

பெரிய மறியலுக்கு முந்தின வாரம் எங்கள் கடையில் கோடாலியும் ரம்பமும் தீர்ந்துபோயின. நான் அத்தாவிடம், "இவ்ளோ கோடாலி எதுக்கு அத்தா வாங்கறாங்க?" என்றேன். எல்லோருக்கும் தெரிந்ததைத்தான் கேட்டேன். "விக்கிறவன் எதுக்குன்னு கேக்கப்படாது" என்றார் அத்தா.

மறியலின் முதல் நாளே எல்லா ரோட்டிலும் மரம் விழுந்தது. கச்சிராயபாளையம் ரோட்டில் ஒரு பெரிய புளியமரம் குறுக்கே கிடந்தது. அதற்குப் பின்னால் மாட்டிக்கொண்ட போலீஸ் வண்டி மேல் கல் விழுந்து, ஒரு போலீஸ்காரருக்குக் கண் போயிற்று. மரம் வெட்டியவர்களைத் தேடுகிறார்கள் என்று அன்று முதலே பேச்சு.

ஆறாவது நாள், வடக்கனந்தல் பக்கம் வற்றிய ஏரியில் ஆட்டம் வைத்தார்கள். பஸ் இல்லை, வேலை இல்லை, ஆம்பிளைகள் எல்லோரும் ஊரிலேயே கிடந்தார்கள். கூட்டத்துக்குக் கேட்கவா வேண்டும். ஓனரும் நானும் கேமராவைக் கோணிப்பையில் சுற்றி மொபெட்டில் வைத்து, ரோட்டை விட்டுக் கரும்புக் கொல்லை வரப்பு வழியாகவே போய்ச் சேர்ந்தோம்.

அந்த அக்காவின் தம்பி, கோச்சின் அணியில் இடது கார்னர். பாடி வருகிறவன் திரும்புகிற ஒரு விநாடியில் கீழே விழுந்து கணுக்காலைப் பிடிப்பான். பிடித்தால் விடமாட்டான். அன்று முதல் பாதியில் பாதி நேரம் ஓடியும் அவனைக் காணோம். இடது பக்கம் ஓட்டையாகி அணி தோற்றுக்கொண்டிருந்தது. அப்போது கரை மேலிருந்து இறங்கி வந்தான். கால் இரண்டும் வீங்கியிருந்தன. முழங்காலுக்குக் கீழே முள் கிழித்த கோடுகள். யாரிடமும் ஒன்றும் சொல்லாமல் சட்டையைக் கழற்றிப் போட்டுவிட்டு, கோச் ஓர் ஆளை வெளியே கூப்பிட்டதும் உள்ளே போனான். போனதும் ஒரு பிடி. அந்தப் பிடிக்குக் கூட்டம் எழுந்து நின்றது.

பாதி ஆட்டம் முடிந்ததும் நேராக அவனிடம் போனேன். ஓனர் கேமராவில் கேசட் மாற்றிக்கொண்டிருந்தார்.

"எங்கடா போன இத்தினி நேரம்?"

"மலையில மாட்டிக்கினேன் பாய்" என்றான். தண்ணீர் குடித்தான். பிறகு, நான் அவன் வாயில் அதுவரை கேட்டிராத அளவுக்குப் பேசினான். "வெள்ளிமலை அண்ட மரவள்ளி புடுங்கப் போனேன். மறுநாளே மறியல்னுட்டாங்க. லாரியும் மேல வர்ல, பஸ்ஸும் வர்ல. நாலு நாளு பாத்தேன். நேத்து விடியங்காட்டி நடக்க ஆரம்பிச்சேன். வழி தப்பி ஒரு கொட்டாயாண்ட போயிட்டேன். ஒரு மலைக்கார அம்மா சாமச் சோறு போட்டுச்சி. ரோட்டுல மரமெல்லாம் கெடக்கறத இப்பத்தான் பாக்கறேன் பாய். எவ்ளோ பெரிய மரம்!"

இன்றைக்கு எழுதும்போது, ஒரு விளையாட்டுக்காரன் எனக்குக் கொடுத்த பேச்சிலேயே உசந்தது இதுதான் என்று தெரிகிறது. அந்த வீங்கிய காலைக் காட்டி, அவன் சொன்னதை அப்படியே சொல்ல வைத்திருந்தால் போதும். அன்றைக்கு எனக்கு அது சப்பென்று இருந்தது. நடந்து வந்தானாம், சோறு தின்றானாம். இதில் கைதட்ட என்ன இருக்கிறது?

"அதெல்லாம் வேணாம்பா. நான் எப்படிப் புடிச்சேன்னு கேப்பேன். நீ கையத் தூக்கிக் காட்டி, 'ரோட்டுல புளியமரத்தயே சாச்ச கை இது, இவன் எம்மாத்திரம்?' அப்டின்னு போடு. ஏரியே அதிரும்."

அவன் சிரித்துவிட்டான். "நான் வெட்லியே பாய்."

"வெட்டினேன்னு யாரு சொன்னா? சும்மா ஒரு பேச்சு தான்."

"அக்கா பாத்தா திட்டும்."

"உங்க வூட்ல தான் டிவி இல்லியே."

சிரித்துக்கொண்டே எழுந்து நின்றான். சொல்லிப் பார்க்க வைத்தேன். முதல் தடவை கையைத் தூக்க மறந்தான். இரண்டாவது தடவை பாதியில் சிரிப்பு வந்துவிட்டது. மூன்றாவது தடவை சரியாக வந்தது. கேமரா ஓடியது. நான் கேட்டேன், அவன் கையைத் தூக்கிச் சொன்னான். சுற்றி நின்றவர்கள் அடித்த விசிலில் மைக் கீச்சென்று கத்தியது. கோச் மட்டும் தூரத்தில் நின்று துண்டை உதறிக்கொண்டிருந்தார்.

ஒன்றை மறைக்காமல் எழுத வேண்டும். அவன் போலீஸ் வேலைக்கு ஓடி, கயிறு ஏறித் தேறியிருந்தான் என்பது எனக்குத் தெரியும். இரண்டு மாதம் முன்னால் அவனே லட்டு கொண்டுவந்து கொடுத்தான். ஆள் மேல் கேஸ் கீஸ் உண்டா என்று உள்ளூர் ஸ்டேஷனில் விசாரித்து எழுதும் கட்டம்தான் பாக்கி. அப்பா அம்மா இல்லாத வீடு. களை எடுத்தும் கரும்பு கட்டியும் அக்காதான் அவனைப் பத்தாவது வரைக்கும் கொண்டுவந்தார். அந்த வேலைக்காகவே கல்யாணம் செய்துகொள்ளாமல் இருந்தார் என்று ஊரில் சொல்வார்கள். எல்லாம் தெரிந்துதான் அந்தப் பேச்சைக் கொடுத்தேன். தெரிந்தது எனக்கு ஞாபகம் வரவில்லை, அவ்வளவுதான்.

ஓனர் அந்த ஒரு துண்டை மட்டும் வெட்டி எடுத்து, தினமும் சினிமாவுக்கு முன்னால் போட்டார். பள்ளிக்கூடப் பிள்ளைகள் கடைத்தெருவில் கையைத் தூக்கிக் காட்டிச் சொல்லிக்கொண்டு போனார்கள். பஸ் ஓட ஆரம்பித்ததும் ஒரு கண்டக்டர், படியில் தொங்கியவனை உள்ளே இழுத்துவிட்டு அதையே சொன்னார். நான் கடைக்குள் நின்று கேட்டேன். என் பேச்சு எதுவும் அதற்கு முன்னால் அவ்வளவு தூரம் நடந்ததில்லை. சந்தோஷத்தில் அன்றைக்கு எனக்குச் சோறு இறங்கவில்லை.

ஒரு வாரம் கழித்து இரண்டு பேர் சாதாரணச் சட்டையில் கேபிள் ஆபீசுக்கு வந்தார்கள். டீ குடித்தார்கள். அந்தத் துண்டை மூன்று தடவை போட்டுப் பார்த்தார்கள். கேசட்டை எடுத்துக்கொண்டு போனார்கள். மறுநாள் காலையில் அவனைக் கூட்டிப் போனார்கள்.

ஓனர்தான் வந்து சொன்னார். நடந்ததையெல்லாம் ஸ்டேஷன் எதிரில் இருக்கும் டீக்கடையில் கேட்டு வந்திருந்தார். "யாருடா சொல்லச் சொன்னதுன்னு கேட்டு அடிச்சிருக்கானுங்க பாய். தலைவர் எவன்னு கேட்டிருக்கானுங்க. நானாத்தான் சொன்னேன், நானாத்தான் சொன்னேன்னே சொல்லிக்கினு இருந்தானாம்."

நம்ம ரெண்டு பேருக்குள்ள தான் என்று நான் சொன்னதை அவன் காப்பாற்றிக்கொண்டிருந்தான்.

"அவன் மரமே வெட்டல ஓனர். அன்னிக்கு மலையில இருந்தான்."

"யாருகிட்ட சொன்னான்?"

"எங்கிட்ட."

"டேப்புல இருக்குதா?"

அவன் அதைச் சொன்னபோது ஓனர் கேசட் மாற்றிக்கொண்டிருந்தார்.

"டேப்புல இல்லன்னா அவன் சொல்லல. நீ வாயத் தொறக்காத பாய். மைக் புடிச்சது நீ, பேசினது அவன், டேப்புல இருக்கறது அவன் மூஞ்சி. நீ போயி நான்தான் சொல்லிக் குடுத்தேன்னா, கண்ணு போன கேசுல உன்னயும் சேத்து எழுதுவான். என் ஒயரு பூரா அறுத்துடுவான்."

வாயைத் திறக்கவில்லை. கடைக்கு வந்த எட்டு வருஷமாக மூடாத வாய் ஐந்து வாரம் மூடியிருந்தது. கடைக்கு வந்தவர்கள், "இன்னா பாய், ஒடம்பு சரியில்லியா?" என்று கேட்டார்கள். ஆட்டத்துக்குப் போனேன். கோட்டோரம் நின்றேன். பையன்கள் தாங்களாகவே பக்கத்தில் வந்து, "எனக்கு ஒண்ணு குடுங்க பாய்" என்று கேட்டார்கள். காது கேட்காதவன் மாதிரி நின்றேன்.

ஒருநாள் மதியம் தாங்க முடியாமல் அத்தாவிடம் எல்லாவற்றையும் சொன்னேன். அவர் கொடுவாளுக்கு எண்ணெய் தடவிக்கொண்டே கேட்டார். "கோடாலி வித்தவன் நானு. என்ன ஒருத்தனும் கேக்கல. உன்னயும் போலீஸ் கேக்காது" என்றார். கொடுவாளை ஆணியில் மாட்டிவிட்டு, "அல்லா கேப்பான்" என்றார்.

அதற்கப்புறமும் போகவில்லை. நாளைக்குப் போகலாம் என்று பத்து நாள் சொல்லிக்கொண்டிருந்தேன்.

பத்தாவது நாள்தான் அந்த அக்கா கடைப்படியில் வந்து நின்றார். கையில் ஒரு துணிப்பை. கால் முழுக்கச் செம்மண். முன்தினம்தான் மலையிலிருந்து இறங்கியிருந்தார். தம்பி ஜாமீனில் வந்து வீட்டில் படுத்திருந்தான். எந்தக் காலை ஊன்றிப் பிடிப்பானோ அந்த இடது காலின் கணுக்கால் உருத்தெரியாமல் இருந்ததாம். மலையில் இருந்தேன் என்று அவன் ஒரு வார்த்தை சொன்னதைப் பிடித்துக்கொண்டு, இவர் கொட்டாய் கொட்டாயாகப் போய்ச் சோறு போட்ட அம்மாவைத் தேடிக் கண்டுபிடித்திருக்கிறார். அந்தம்மா, வந்து சொல்கிறேன் என்றிருக்கிறார். வக்கீல் கேட்டுவிட்டு உதட்டைப் பிதுக்கினாராம். டிவியில் அவனே சொல்லியிருக்கும்போது மலையிலிருந்து நாலு பேர் வந்து சொல்லி என்ன ஆகும்? போலீஸ் வேலைக்கான விசாரணைக் காகிதம் அடுத்த திங்கட்கிழமை போய்விடும். அதற்குள் அந்தப் பேச்சை உடைக்க வேண்டும் என்று சொல்லியனுப்பியிருக்கிறார்.

பேச்சை எப்படி உடைப்பது என்று அக்காவுக்குத் தெரியவில்லை. வளர்த்த பிள்ளையைத் தெரியும். அதை மட்டும் வைத்துக்கொண்டு, டிவியில் மைக் பிடித்தவன் கடையைத் தேடி அவர் டவுனுக்கு வந்திருந்தார்.

முடிவில் என்ன நடந்தது என்று இங்கேயே சொல்லிவிடுகிறேன். ஏதோ நல்லது நடக்கப்போகிறது என்ற ஆசையோடு யாரும் படிக்க வேண்டாம். அந்த வேலை அவனுக்குக் கிடைக்கவில்லை. பேச்சு என்னுடையது என்று வக்கீல் மூலமாக நான் எழுதிக் கொடுத்தது உண்மை. அதை வாங்கி வைத்துக்கொண்டார்கள் என்பதும் உண்மை. திங்கட்கிழமைக்குள் அது யார் மேசையையும் தாண்டவில்லை. ஐந்து வாரத்துக்கு முன்னால் கொடுத்திருந்தால் தாண்டியிருக்கும் என்றார் வக்கீல். அவன் பெயரைக் கேஸிலிருந்து எடுக்க இரண்டு வருஷம் ஆனது. அதற்குள் அவனோடு ஓடியவர்கள் தொப்பி போட்டுவிட்டார்கள். இப்போது கரும்பு டிராக்டர் ஓட்டுகிறான். கிளட்ச் மிதிக்கிற கால் இழுத்துக்கொள்ளும். எங்காவது என்னைப் பார்த்தால் வண்டியை நிறுத்தி, "சாப்டீங்களா பாய்?" என்பான். அதற்கு மேல் இன்றுவரை ஒரு வார்த்தை பேசியதில்லை. நான் அதற்குப் பிறகு மைக்கைத் தொடவில்லை. ஓனர் வேறு ஆளை வைத்துக்கொண்டார். அந்த ஆளும் பேச்சுச் சொல்லிக் கொடுப்பதாகத்தான் கேள்வி.

அன்றைக்குக் கடைப்படியில் முதலில் என் வாயில் வந்தது பொய். "வெளையாட்டுக்குச் சொல்லியிருப்பான்க்கா. வயசுப் பையன் தான?"

அக்கா கோபப்படவில்லை. "வெளையாட்டுல கூட பேசாதுங்க பாய் அது. அதனால தான் கேக்கறேன். யாரு பேச்சு?"

உள்ளே அத்தா தலையைத் தூக்காமல் உட்கார்ந்திருந்தார். ஆணி விழும் சத்தம் இன்னும் கேட்கவில்லை. எதிர்க்கடைக்காரர் எட்டிப் பார்த்தார். ஒரு மாட்டு வண்டி போனது. அது போய் முடியும்வரை காத்திருந்தேன்.

"என்னுதுக்கா" என்றேன்.

அடிப்பார் என்று நினைத்தேன். மண்ணை வாரித் தூற்றுவார் என்று நினைத்தேன். அக்கா துணிப்பையை ஒரு கையிலிருந்து மறு கைக்கு மாற்றிக்கொண்டார்.

"அது உங்ககிட்ட மொதல்ல இன்னா சொல்லுச்சி?"

சொன்னேன். ஒரு வார்த்தை விடாமல் சொன்னேன். பிறத்தியார் பேச்சை மறக்காமல் வைத்துக்கொள்வது ஒன்றுதான் எனக்குத் தெரிந்த வித்தை. வெள்ளிமலை அண்ட மரவள்ளி புடுங்கப் போனது, லாரி வராதது, விடியங்காட்டி நடந்தது, வழி தப்பியது. நான் சொல்லச் சொல்ல அக்காவின் உதடும் கூடவே அசைந்தது. தம்பி இவ்வளவு நீளமாகப் பேசி அவரே கேட்டிருக்க மாட்டார். மலைக்கார அம்மா சாமைச் சோறு போட்ட இடம் வந்ததும், "ஆமா. நான் பாத்தேன் அந்தம்மாவ" என்றார். ரோட்டில் மரம் கிடப்பதை இப்போதுதான் பார்க்கிறேன், எவ்வளவு பெரிய மரம் என்று முடித்தபோது அவர் கண் நிறைந்திருந்தது.

"இத ஏங்க பாய் டிவில போடல?"

"நல்லா இல்லன்னு நெனச்சேன்க்கா."

அக்கா துணிப்பையைத் தோளில் மாட்டிக்கொண்டார். பிறகு படியேறி மேலே வந்தார். என் கையிலிருந்த மண்வெட்டியை வாங்கி, விழாமல் சுவரோரம் சாய்த்து வைத்தார். என் மணிக்கட்டை எட்டிப் பிடித்தார். அந்தப் பிடியை நான் ஏரியில் பார்த்திருக்கிறேன். செருப்பு மாட்டிக்கொள்ளக்கூட விடாமல் என்னைப் படியிலிருந்து இறக்கி, கடைத்தெரு முழுக்க நின்று பார்க்க, வக்கீல் ஆபீஸ் பக்கம் இழுத்துக்கொண்டு நடந்தார்.